அறுந்த காதும் சிவகாமி அம்மன் விதானமும்

வான்காவைப் பற்றித் தமிழில் கொஞ்சம் படித்தவரிடம் பேச்சுக் கொடுத்தால் முதலில் காது வரும். பிறகு, உயிரோடிருந்தவரை ஒரே ஒரு படம்தான் விற்றது என்பது வரும். தம்பி தியோவின் பணம், மனநல விடுதி, கோதுமை வயல், துப்பாக்கி, இன்றைய ஏல விலை எல்லாம் வரிசை பிசகாமல் வரும். ஆர்ல் நகரில் அவர் தீட்டிய படுக்கையறைப் படத்தில் சுவர் என்ன நிறம் என்று அதே ஆளிடம் கேட்டுப் பாருங்கள். அநேகமாகப் பதில் இருக்காது. நீலம் என்று யாராவது சொன்னால், அச்சுப் பிரதியையாவது கண்ணால் பார்த்திருக்கிறார் என்று சந்தோஷப்படலாம். அந்த நீலத்திலும் ஒரு வில்லங்கம் இருக்கிறது. அதற்குப் பிறகு வருகிறேன்.

ஐரோப்பிய ஓவியரின் வாழ்க்கைக் கதை தமிழில் ஒரு தனி எழுத்து வகையாகவே வளர்ந்துவிட்டது. வார இதழ்த் தொடர், சிறுபத்திரிகைக் கட்டுரை, மொழிபெயர்ப்பு, மேடைப் பேச்சு என்று எதில் வந்தாலும் வார்ப்பு ஒன்றுதான். வறுமை, புறக்கணிப்பு, குடி அல்லது பித்து, அகால மரணம், செத்தபின் புகழ். எங்கள் காடாம்புலியூர்ப் பக்கம் முந்திரிக் கொட்டை பழத்துக்கு வெளியே தொங்கும். கொட்டையைத் திருகிக்கொண்டு பழத்தைத் தோப்பிலேயே எறிந்துவிடுவார்கள். இந்தக் கட்டுரைகளும் கதையைத் திருகிக்கொண்டு படத்தை விட்டுவிடுகின்றன. முந்திரியில் அது லாபக் கணக்கு. ஓவியத்தில் என்ன கணக்கு என்று எடை போட்டுப் பார்ப்பதுதான் இங்கே என் வேலை.

எடைக்கல்லை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஓவியரைப் பற்றிய ஒரு செய்தி, படத்தில் ஓர் இடத்தைத் தொட்டுக் காட்டி, அதுவரை நம் கண்ணில் படாத ஒன்றைப் பார்க்க வைத்தால் அது திறனாய்வுக்கு உதவுகிறது. படத்தைப் பார்க்காமலேயே முழுதாக அனுபவித்துவிட முடிகிற செய்தி கதைக்கு உதவலாம், ஓவியத்துக்கு உதவாது. இந்த அளவுகோலை வான்காவுக்கும் வைப்பேன், சிதம்பரத்துக்கும் வைப்பேன், சோழமண்டலத்துக்கும் வைப்பேன்.

வான்காவின் கதையிலேயே தொடங்கலாம். ஏனென்றால் மற்ற எல்லாருக்கும் அவருடைய சட்டையைத்தான் மாட்டிவிடுகிறார்கள். வின்சென்ட் 16 வயதில், 1869இல், கூப்பில் என்ற பெரிய ஓவிய வியாபார நிறுவனத்தில் வேலைக்குச் சேர்ந்தவர். 1876 வரை அங்கே இருந்தார். ஆக, சந்தை தெரியாத அப்பாவி என்பது முதல் பொய். ஓவியம்தான் தொழில் என்று முடிவு செய்தது 1880இல். இரண்டே ஆண்டுகளில் சித்தப்பா ஒருவர் ஹேக் நகரக் காட்சிகளைக் கேட்டு, பேனாச் சித்திரங்களுக்குப் பணம் கொடுத்தார். 1890 ஜனவரியில் அல்பேர் ஓரியே பாரிஸ் பத்திரிகையில் அவரைப் பற்றிக் கொண்டாட்டமான கட்டுரை ஒன்று எழுதினார். அதே ஆண்டு பிரஸ்ஸல்ஸில் நடந்த கண்காட்சியில் அவருடைய 'சிவப்பு திராட்சைத் தோட்டம்' 400 பிராங்குக்குப் போனது. வாங்கியவர் அன்னா போக், அவரும் ஓவியர். ஆறேழு மாதத்தில், ஜூலை 29இல், வின்சென்ட் இறந்துபோனார். வாழ்நாள் முழுக்க உலகம் கண்ணை மூடிக்கொண்டிருந்தது என்ற சித்திரம் இந்தத் தேதிகளுக்கு முன்னால் நிற்கவில்லை. பத்தே ஆண்டுத் தொழில் வாழ்க்கை; கண் திறக்கத் தொடங்கிய நேரத்தில் மனிதர் போய்விட்டார். சோகத்துக்குக் குறைவில்லை. ஆனால் வார்ப்பில் சொல்லப்படும் சோகம் வேறு.

இந்தக் கதையில் யாரும் எழுதாத பாத்திரம் ஒன்று உண்டு. தியோ 1891 ஜனவரியில் இறந்தார். அவருடைய மனைவி ஜோகன்னா, கைக்குழந்தையோடும் யாரும் வாங்காத படங்களோடும் நெதர்லாந்துக்குத் திரும்பி, கண்காட்சி கண்காட்சியாக அனுப்பி, அளந்து அளந்து விற்று, 1914இல் கடிதங்களைத் தொகுத்து வெளியிட்டார். காலம் கண்டுகொண்டது என்று நாம் எழுதுகிற இடத்தில் உண்மையில் ஒரு விதவையின் இருபது ஆண்டுக் கணக்கு வழக்கு இருக்கிறது. இர்விங் ஸ்டோனின் நாவல் 1934இலும் அதன் திரைப்படம் 1956இலும் வந்தபின், கடிதங்களைவிட நாவலே ஊர் ஊராகப் போய்ச் சேர்ந்தது. தமிழுக்கு வந்ததும் பெரும்பாலும் அந்த வழியில்தான்.

இப்போது படுக்கையறைச் சுவர். 1888 அக்டோபரில் அந்தப் படத்தைப் பற்றி வின்சென்ட் தம்பிக்கு எழுதிய கடிதத்தில் சுவர் வெளிர் ஊதா. இன்று அருங்காட்சியகத்தில் நாம் பார்ப்பது நீலம். அவர் கலந்த சிவப்புச் சாயம் வெளிச்சத்தில் வெளுத்துப்போனதால் ஊதாவில் நீலம் மட்டும் மிஞ்சியது. இதைத் தெரிந்துகொண்டு படத்துக்குத் திரும்பினால், மஞ்சள் கட்டில் ஏன் அவ்வளவு மஞ்சள் என்பது விளங்குகிறது. மஞ்சளுக்கு எதிர்நிறம் ஊதா. அவை இரண்டும் ஒன்றையொன்று தூக்கிப் பிடிக்கும்படி வைத்திருக்கிறார். ஓய்வு என்ற உணர்வை நிறத்தாலேயே தர வேண்டும் என்று அவர் நினைத்தது, நிறம் ஓடிப்போன பிறகு பாதிதான் நமக்குக் கிடைக்கிறது. இது வாழ்க்கைச் செய்திதான், கடிதத்தில் இருப்பதுதான். ஆனால் இது என் கையைப் பிடித்துப் படத்தின் முன்னால் நிறுத்துகிறது. காது அதைச் செய்வதில்லை. காதில் கட்டோடு அவர் தீட்டிய தன்னுருவப் படங்களில்கூட, காயத்தைப் பற்றிய கதை ஒரு நிமிடத்தில் தீர்ந்துவிடுகிறது. பச்சைக் கோட்டின் மேல் அடித்த தூரிகைக் கோடுகளைப் பார்க்க அதற்குப் பிறகும் நேரம் வேண்டியிருக்கிறது. 2009இல் வெளிவந்த முழுத் தொகுப்பில் மொத்தம் 902 கடிதங்கள். அவற்றில் பித்து எவ்வளவு, சாயக் குழாய், தூரிகை, கித்தான் பற்றிய பேச்சு எவ்வளவு என்று புரட்டிப் பார்த்தாலே யாரை நாம் தொலைத்தோம் என்று புரியும்.

இந்த வகை எழுத்துக்கு ஆதிமூலம் ஜார்ஜோ வசாரி. அரெத்சோவில் பிறந்தவர், தானும் ஓவியர், கட்டடக் கலைஞர். ஓவியர், சிற்பி, கட்டடக் கலைஞர்களின் வாழ்க்கைகளை 1550இல் நூலாக வெளியிட்டு, 1568இல் பெருக்கித் திரும்ப வெளியிட்டார். கலை வரலாறு என்பதே ஆளாளாக எழுதப்படுவது என்ற பழக்கத்தை ஐரோப்பா இவரிடமிருந்துதான் பெற்றது. அவர் சொன்ன ஒரு கதை: அந்திரேயா தெல் கஸ்தாக்னோ என்ற ஓவியர் பொறாமையால் தன் நண்பர் தொமேனிகோ வெனெத்சியானோவைக் கொன்றார். முந்நூறு ஆண்டுக்கும் மேலாக இதை நம்பினார்கள். கஸ்தாக்னோவின் படங்களில் கொலைகாரனின் முரட்டுத்தனம் தெரிகிறது என்றுகூட எழுதினார்கள். கடைசியில் ஆவணங்களைப் பார்த்தால் கஸ்தாக்னோ 1457இல் கொள்ளைநோயில் செத்தவர். கொல்லப்பட்டவர் என்று சொல்லப்பட்ட தொமேனிகோ 1461 வரை இருந்தார். வாழ்க்கையைப் படத்துக்குள் வாசிப்பதன் ஆபத்துக்கு இதைவிடச் சுத்தமான சாட்சி எனக்குத் தெரியாது. இல்லாத கொலை கோட்டில் தெரிந்திருக்கிறது.

வசாரியை அதற்காகத் தள்ளிவிடவும் முடியாது. யார் யாரிடம் பயின்றார்கள், யார் கூலி கொடுத்தார், எந்தச் சுவருக்கு எந்தக் காரை என்பதெல்லாம் அவரிடம் குவிந்து கிடக்கிறது. கதைசொல்லி வசாரியை வைத்துக்கொண்டு பட்டறைக்கார வசாரியை மறந்ததுதான் பின்னால் வந்தவர்கள் செய்தது.

பட்டினி கிடந்தவரே மேதை என்பது 19ஆம் நூற்றாண்டின் ருசி. அதற்கு முன் ஐரோப்பிய ஓவியர் ஒரு ஒப்பந்தக்காரர். ரூபன்ஸ் பெரிய பட்டறை நடத்தினார்; அரசர்களுக்குத் தூதும் போனார். நம் கரைக்கு வந்தவர்களும் பிழைப்புத் தேடி வந்தவர்களே. டில்லி கெட்டில் 1769இல் சென்னையில் இறங்கி ஆற்காட்டு நவாப் முகம்மது அலியைத் தீட்டினார். வங்காளத்தில் காசு சேர்த்துக்கொண்டு லண்டன் திரும்பி, அங்கே தொழில் படுத்துப்போக, மறுபடி இந்தியா வரும் வழியில் 1786இல் இறந்தார். தாமஸ் ஹிக்கி 1824இல் சென்னையிலேயே இறந்தார். இவர்களுடைய வாழ்க்கை யாருக்கும் கண்ணீர் வரவழைக்கவில்லை, அதனால் எழுதப்படவும் இல்லை. கெட்டிலின் நவாப் படத்தில் வெள்ளை மஸ்லின் அங்கியை அவர் கையாண்ட விதம் கண்ணீர் கேட்பதில்லை. நல்ல கண் போதும்.

மறுகோடியில் வெர்மீர். 1632இல் பிறந்து 1675இல் இறந்தவர். எஞ்சியிருப்பவை சுமார் 35 படங்கள். கடிதம் இல்லை, நாட்குறிப்பு இல்லை. கடன்பட்டு இறந்தார் என்பதும், அவர் மனைவி ரொட்டிக் கடைக்காரரின் பாக்கிக்காக இரண்டு படங்களை அவரிடம் ஒப்படைக்க வேண்டியிருந்தது என்பதும் பத்திரங்களில் இருக்கின்றன. ஏறத்தாழ இரண்டு நூற்றாண்டு மறந்துபோயிருந்தவரை 1866இல் தோரே என்ற பிரெஞ்சு விமர்சகர் மீட்டார். மீட்டது கதையால் அல்ல. படம் படமாகத் தேடிப் போய்ப் பார்த்ததால். பால் ஊற்றும் பெண்ணின் படத்தில் ஜன்னல் வெளிச்சம் ரொட்டியின் மேல் பொட்டுப் பொட்டாக விழுவதை ரொட்டிக் கடன் விளக்காது.

இனி ஊருக்கு வருவோம். காடாம்புலியூர் நெடுஞ்சாலையில் நின்றால் ஒரு பக்கம் பண்ருட்டி, திருவதிகை. மறுபக்கம் நெய்வேலி தாண்டி வடலூர். இன்னும் தெற்கே, கிழக்கே போனால் சிதம்பரம். ஓவியரின் பெயருக்கும் படத்துக்கும் உள்ள கணக்கைச் சரிபார்க்க இதைவிட வசதியான இடம் கிடையாது. ஏனென்றால் ஒரு முனையில் படமில்லாத பெயர், மறுமுனையில் பெயரில்லாத படம்.

படமில்லாத பெயர், மகேந்திரவர்மப் பல்லவன். 7ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆண்டவன். அவன் பட்டங்களில் ஒன்று சித்திரகாரப்புலி. பாடலிபுத்திரம் என்ற திருப்பாதிரிப்புலியூரில் இருந்த சமணப் பள்ளியை இடித்து, அந்தக் கல்லைக் கொண்டுவந்து திருவதிகையில் குணபர ஈச்சரம் எடுத்ததாகப் பெரிய புராணம் சொல்கிறது. மாமண்டூர்க் கல்வெட்டு அவனை ஓவிய நூலோடு தொடர்புபடுத்துகிறது. நாடகம் எழுதினான், குகைகள் குடைந்தான். வசாரிக்குக் கிடைத்திருந்தால் விட்டிருக்க மாட்டார். ஆனால் இது அவன் தீட்டியது என்று கை வைத்துக் காட்ட ஒரு சாண் சுவர் கிடையாது. ஆக, புலியூர்கள் மலிந்த இந்த வட்டாரத்தின் சித்திரகாரப்புலியைத் திறனாய்வு வாசலிலேயே நிறுத்திவிட வேண்டியதுதான். பட்டம் ஓவியம் ஆகாது.

பெயரில்லாத படம், சிதம்பரம் சிவகாமி அம்மன் சந்நிதி முன்மண்டபத்தின் விதானத்தில் இருக்கிறது. நாயக்கர் கால ஓவியம். மங்கியும் உதிர்ந்தும் போனது போக இருப்பதை அண்ணாந்து பார்த்தால் கழுத்து வலிக்கும். அந்த வலியைப் பொறுத்துக்கொண்டு நடந்தால்தான் கதை நகரும். தாருகாவனத்துக்கு ஆடையின்றிப் பிச்சை எடுக்க வந்த சிவன், அவனைக் கண்டு நிலைகுலையும் முனிபத்தினியர், இன்னொரு பக்கம் மோகினியாக வந்த திருமாலின் பின்னால் தவம் மறந்து ஓடும் முனிவர்கள். மாணிக்கவாசகர் வரலாறும் உண்டு. பட்டை பட்டையாகப் பிரித்து, அதே ஆள் திரும்பத் திரும்ப வர, கதையை ஓட்டிக்கொண்டு போவது நாயக்கர் கால ஓவியத்தின் முறை. ஒரு காட்சியில் நிற்கிறவரே அடுத்த காட்சியில் நடக்கிறார். இடையில் நடந்தது பார்க்கிறவரின் கால்.

இந்தக் கதை ஏன் இங்கே? இதற்கு ஓவியனின் சுயசரிதை தேவையில்லை, தலபுராணம் போதும். தாருகாவனத்து முனிவர்கள் ஏவிய புலியையும் பாம்பையும் முயலகனையும் அடக்கி ஆடிய ஆட்டத்தின் தொடர்ச்சிதான் தில்லைக் கூத்து என்பது கோயிற் புராணம் சொல்லும் வரலாறு. உள்ளே பொன்னம்பலத்தில் ஆடுபவனின் முன்கதையை வெளியே அம்மன் மண்டபத்தின் தலைக்கு மேல் தீட்டியிருக்கிறார்கள். மனைவியின் சந்நிதி வாசலில், ஊர்ப் பெண்களெல்லாம் மயங்கிய கணவனின் கதை. இந்த வேடிக்கையை அந்த ஓவியர்கள் தெரிந்து செய்தார்களா தெரியாமல் செய்தார்களா என்பதற்கு வாழ்க்கைக் குறிப்பு தேட வேண்டாம். படத்தில் முனிபத்தினியரின் கைகளும் நழுவும் ஆடைகளும் எவ்வளவு கொண்டாட்டமாக வரையப்பட்டிருக்கின்றன என்று பார்த்தால் போதும்.

எல்லாம் மெச்சும்படி இல்லை. நாயக்கர் கால ஓவியத்தின் பலவீனம் வரிசை. முனிவர்களையும் சேவகர்களையும் அடியார்களையும் வரிசையாக நிறுத்தும்போது ஒரே அச்சில் வார்த்த முகங்கள், ஒரே பக்கம் பார்க்கும் கண்கள். துணியின் பூ வேலைப்பாட்டுக்குக் கொடுத்த கவனம் முகத்துக்குக் கிடைக்கவில்லை. கூலி, சதுர அடி, கெடு, பட்டறையில் எத்தனை கைகள் என்று கேட்க வேண்டிய இடம் இது. தேர்ந்த கை மோகினியை வரைந்திருக்கும், கற்றுக்குட்டிக் கை வரிசையை நிரப்பியிருக்கும் என்று நான் நினைக்கிறேன். ஐரோப்பியப் பட்டறைகளிலும் அதுதான் வழக்கம். முகமும் கையும் குருவுக்கு, திரைச்சீலை சீடனுக்கு.

சிதம்பரத்துக்கு இன்னொரு பெருமையும் உண்டு, தஞ்சாவூர் வழியாக. பெரிய கோயில் கருவறையைச் சுற்றிய இருட்டு நடையில், நாயக்கர் கால ஓவியத்துக்கு அடியில் சோழர் ஓவியம் இருப்பதை 1931இல் கண்டுபிடித்தவர் அண்ணாமலைப் பல்கலைக்கழக வரலாற்று ஆசிரியர் எஸ்.கே. கோவிந்தசாமி. மேலடுக்கு உதிர்ந்த இடத்தில் உள்ளிருந்து இன்னொரு கோடு எட்டிப் பார்த்ததைக் கவனித்த கண் அது. பிறகு சென்னை அருங்காட்சியகத்தின் வேதியியல் அறிஞர் எஸ். பரமசிவன் காரையை ஆராய்ந்து, அது ஈரச் சுண்ணத்தின் மேல் தீட்டியது என்று முடிவு சொன்னார். என் அளவுகோலில் இது ஒரு முழு வாழ்க்கை வரலாற்றுக்குச் சமம். ஈரச் சுண்ணம் காய்வதற்குள் முடித்தாக வேண்டும். அழித்துத் திருத்த நேரமில்லை. சுந்தரர் கதையிலும் ஆடல் பெண்களிலும் அந்தக் கோடு ஏன் அவ்வளவு தயக்கமின்றி வளைகிறது என்பதற்கு இந்த ஒரு தகவல் காட்டும் வழியை எந்தக் காதல் தோல்வியும் காட்டாது.

அதே சுவரில் நம் ஆசையும் விளையாடியிருக்கிறது. தாடி வைத்த முதியவருக்குப் பின்னால் இளையவர் ஒருவர் நிற்கும் பகுதியைக் கருவூர்த் தேவரும் ராஜராஜனும் என்று அச்சடித்துக் காலண்டர் வரை கொண்டுபோய்விட்டோம். அங்கே பெயர்ப் பொறிப்பு கிடையாது. ஓவியன் யாரென்று தெரியாவிட்டால் ஓவியத்துக்குள் இருப்பவராவது பிரபலமாக இருக்கட்டும் என்ற பசிதான் அது. வடலூரிலும் இந்தப் பசியின் இன்னொரு வடிவம் உண்டு. வள்ளலாரைப் புகைப்படம் எடுத்தபோது ஆடை மட்டும் விழுந்தது, உருவம் விழவில்லை என்று சொல்வார்கள். பண்ருட்டிக் குயவர் ஒருவர் மண்ணில் செய்து கொண்டுவந்த உருவத்தை அவரே போட்டு உடைத்தார் என்றும் சொல்வார்கள். அப்படியும் வெள்ளைத் துணி போர்த்திய அந்த முகம் வீட்டுக்கு வீடு மாட்டியிருக்கிறது. வசாரியின் 1568 பதிப்பில் ஒவ்வொரு வாழ்க்கைக்கும் ஒரு முகம் வேண்டும் என்று ஏற்பாடு செய்தார்கள். முகம் கிடைக்காத சிலருக்குச் சட்டத்தை மட்டும் வெறுமையாக விட்டார்கள். அந்த ஒரு விஷயத்தில் அவர் நம்மைவிட நேர்மை.

இங்கே ஒரு பிரபலமான எதிர்வாதத்தைத் தீர்த்துவிட வேண்டும். ஐரோப்பியனுக்கு அகந்தை, அதனால் கையெழுத்துப் போட்டான்; நம் கலைஞன் அகந்தையற்றவன், கலையை இறைவனுக்கு அர்ப்பணித்து ஒதுங்கிக்கொண்டான். மேடையில் கைதட்டு வாங்கும் வாதம். சான்று இதற்கு ஒத்துழைக்கவில்லை. ராஜராஜன் தஞ்சைக் கோயிலில் தளிச்சேரிப் பெண்டுகள் 400 பேரின் பெயரையும் அவர்கள் எந்தத் தெருவில் எந்த வீடு என்பதையும் கல்லில் வெட்டி வைத்தான். குஞ்சரமல்லனான ராஜராஜப் பெருந்தச்சன் பெயரும் கல்வெட்டில் உண்டு. திருவாரூர் தேவாசிரிய மண்டபத்து விதானத்தில் முசுகுந்தன் கதையைத் தீட்டிய சிங்காதனம் தன் பெயரை எழுதியே வைத்திருக்கிறார். எழுத வேண்டிய தேவையும் எழுதவிடும் புரவலரும் இருந்த இடத்தில் பெயர் வந்திருக்கிறது. இல்லாத இடத்தில் வரவில்லை. சம்பளப் பட்டியல் சம்பந்தப்பட்ட விஷயத்தைச் சமயத் தத்துவமாக்கியதில், ஓவியர்களின் சாதி, கூலி, பட்டறை பற்றிக் கேட்க வேண்டிய கேள்விகளைக் கேட்காமலே தப்பித்துக்கொண்டோம். அடக்கம் என்று நாம் புகழ்வது, பல இடங்களில், அவர்களைக் கணக்கில் எடுக்காததுதான்.

சோழமண்டலத்துக்கு வருகிறேன். சென்னைக் கலைப் பள்ளியின் முதல்வராக இருந்த கே.சி.எஸ். பணிக்கர் தலைமையில் ஓவியர்கள் 1966இல் ஈஞ்சம்பாக்கத்தில் நிலம் வாங்கி உருவாக்கிய கிராமம் அது. பாத்திக் துணி விற்று வீடு கட்டினார்கள். பிழைப்புக்குக் கைத்தொழில், மனசுக்கு ஓவியம் என்று திட்டம் போட்டு நடத்திய இந்தக் கணக்கு, உலகக் கலை வரலாற்றிலேயே அபூர்வம். தமிழில் இதைவிட அதிகம் பேசப்படுவது அங்கே வாழ்ந்து 1973இல், முப்பதுகளின் தொடக்கத்தில், தன் உயிரை மாய்த்துக்கொண்ட கே. ராமானுஜம். பேச்சு தடுமாறும், மனிதர்களோடு ஒட்டாதவர், தலையில் தொப்பி. சி. மோகன் அவரை வைத்து 'விந்தைக் கலைஞனின் உருவச் சித்திரம்' என்று நாவலே எழுதினார். நாவலை நாவலாக எடை போட வேண்டும். அது என் இன்றைய வேலை இல்லை. தமிழ் வாசகர் பலருக்கு ராமானுஜம் என்ற பெயரைக் கொண்டுபோய்ச் சேர்த்ததில் அதற்குப் பங்கு உண்டு. நான் கேட்பது, அதற்குப் பிறகு வந்த கட்டுரைகள், முகநூல் அஞ்சலிகள் அவரைத் 'தமிழ் வான்கா' ஆக்கியதைப் பற்றி.

ஒப்பீட்டை நேராகவே சோதிப்போம். வான்கா நிறத்தால் சிந்தித்தவர். கண் முன்னால் நாற்காலியோ சைப்ரஸ் மரமோ வேண்டும். அதை வெயிலில் நின்று பார்த்து, இரண்டு நிறங்களை மோதவிட்டுப் படம் கண்டவர். ராமானுஜத்தின் பலம் பேனாவும் மையும். எதிரே எதையும் வைத்துக்கொண்டு வரைந்தவராகத் தெரியவில்லை. மாளிகைகள், பாம்புகள், சிறகுள்ள உருவங்கள், பெண்கள், படிக்கட்டுகள் என்று தாளில் இடமே விடாமல் நுண்ணிய கோடுகளால் அடைத்துக்கொண்டே போகிறார். பணிக்கரின் மாணவர்கள் பலருக்கும் கோடுதான் அடிப்படை. அந்தப் பள்ளி அப்படிப் பழக்கியது. அதே கோட்டை கே.எம். ஆதிமூலம் 1969இல் காந்தி வரிசைக்குச் சிக்கனமாகப் பயன்படுத்தினார், நாலு இழுப்பில் ஆள் நடப்பார். ராமானுஜம் எதிர்த்திசை. துன்பம் என்ற பொது அடைமொழியைத் தவிர இவருக்கும் ஆர்ல் நகரத்துக்கும் ஓவியத்தில் ஒட்டு உறவில்லை. (ஆதிமூலம் 2008 வரை வாழ்ந்து, அட்டைப் படம், இதழ்ச் சித்திரம், எழுத்துரு என்று தமிழ் வாசகரின் கண்ணையே மாற்றியவர். நிறைவாக வாழ்ந்துவிட்டதால் அவருக்கு யாரும் தொன்மம் கட்டவில்லை.)

ராமானுஜத்தின் உறவுக்காரர்களைத் தேட வேண்டிய இடம் விதானம். சிவகாமி அம்மன் மண்டபத்தையோ திருவாரூரையோ பார்த்த கண்ணோடு அவருடைய மைச் சித்திரத்துக்கு வந்தால் அதே நெரிசல், அதே தோரணமும் விமானமும், வெற்றிடத்தைப் பொறுக்காத அதே கை, அதே ஆள் திரும்பத் திரும்ப வரும் அதே கதைமுறை. கோயில் பட்டறையிலிருந்து அவருக்கு வந்ததா, தேர்த் துணியும் நாடகத் திரையும் சினிமா அரங்கமும் வழியாக வந்ததா என்று தனித்தனியாகப் பிரிக்க வேண்டியதில்லை. அவை எல்லாமே ஒரே ஊற்றுக்குப் போகின்றன. வேறுபாடு ஓர் இடத்தில் இருக்கிறது, அது பெரிய வேறுபாடு. விதானத்தில் ஒவ்வோர் உருவமும் ஊருக்குத் தெரிந்த கதைக்குள் நிற்கிறது. யார், எங்கே போகிறார், அடுத்து என்ன என்பது பார்க்க வருகிறவருக்கு முன்கூட்டியே தெரியும். ராமானுஜத்தின் தாளில் தொப்பி போட்ட ஒரு மனிதன் அந்த மாளிகைகளுக்குள் வந்து சேர்கிறான், பெண்களும் சிறகுள்ளவர்களும் அவனை வரவேற்கிறார்கள், எந்தப் புராணத்திலும் அவனுக்கு இடமில்லை. அந்தத் தொப்பிக்காரன் ராமானுஜமே என்ற வாழ்க்கைச் செய்தியை இங்கே நான் அனுமதிக்கிறேன், ஏனென்றால் இது படத்தின் மேல் விரல் வைக்கிறது. தெருவில் யாரும் பேசாத ஆள், தன்னை வரவேற்க ஒரு தேவலோகத்தையே கோடு கோடாகக் கட்டியிருக்கிறார். அவர் எப்படி இறந்தார் என்பதை இதற்கு மேல் சேர்த்தால் படத்தில் கூடுவது ஒன்றுமில்லை. குறைவது உண்டு: அந்தச் சித்திரங்களில் இருக்கும் குறும்பும் பகட்டும் கண்ணில் படாமல் போய்விடும்.

அவருடைய எல்லையையும் சொல்ல வேண்டும். கற்பனை விரிந்த அளவுக்கு அவருடைய அமைப்பு விரியவில்லை. பல சித்திரங்கள் அதே பொருள்களை அதே அடர்த்தியில் அடுக்கியவை. கண் எங்கே இளைப்பாறும் என்று அவர் யோசித்ததாகத் தெரியவில்லை. பழங்குடி உருவங்களையும் எழுத்துகளையும் கொண்டு இதே நெருக்கடியைக் கையாண்ட ஜே. சுல்தான் அலிக்கு இடைவெளி விடத் தெரிந்திருந்தது. பணிக்கர் 'சொற்களும் குறியீடுகளும்' வரிசையில் படப்பரப்பை எழுத்தால் நிரப்பியும் மூச்சுவிட இடம் வைத்தார். மை மட்டும் இருக்கும் ராமானுஜம் வண்ணம் சேர்த்த ராமானுஜத்தைவிடப் பல மடங்கு உறுதி என்பதும் என் கணிப்பு. வான்காவுக்குப் பக்கத்தில் வைத்தால், பத்தாண்டில் ஒரு கையை முழுதாக மாற்றி மாற்றி வளர்த்துக்கொண்ட அந்த உழைப்பின் முன்னால் இவர் சிறுத்துப்போகிறார். சிதம்பரம், திருவாரூர் விதானங்களுக்குப் பக்கத்தில் வைத்தால், முந்நூறு ஆண்டுக்குப் பிறகு அந்தக் கதைமுறைக்குள் முதல் முறையாகத் தன்னைத் தானே ஒரு பாத்திரமாக நுழைத்தவர் என்ற இடம் அவருக்குக் கிடைக்கிறது. அது முதல் வரிசை இடம் அல்ல. ஆனால் அந்த இடத்தில் அவரைத் தவிர வேறு யாரும் இல்லை.